கடன் அல்ல, மாற்றம்



அல்லிநகரத்தில் மாலை வேளைகளில் பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுக்கையில் ஒன்றைக் கவனித்தேன். ‘கடன் வாங்கிக் கழித்தல்’ என்றவுடன் சில முகங்கள் வாடுகின்றன. அச்சொல்லின் பாரத்தை அவர்கள் வீட்டிலேயே அறிந்திருக்கிறார்கள்.

நம் கம்பம் பள்ளத்தாக்குக்கு நீர் தரும் பெரியாறு அணை திறக்கப்பட்டது 1895இல். 2003இல் அதன் வயது என்ன? மூன்றில் ஐந்து போகாது. பத்தின் இடத்தில் சுழியம். நூறின் இடத்திலும் சுழியம். திகைத்த பிள்ளை ஐந்திலிருந்து மூன்றைக் கழித்துவிடுகிறது.

உண்மையில் நடப்பது என்ன? ஓர் ஆயிரம் பத்து நூறுகளாகிறது. அவற்றில் ஒரு நூறு பத்துப் பத்துகளாகிறது. அவற்றில் ஒரு பத்து, பத்து ஒன்றுகளாகிறது. இப்பொழுது 1 ஆயிரம், 9 நூறு, 9 பத்து, 13 ஒன்று. கூட்டிப் பாருங்கள், அதே 2003. விடை 108.

இதில் திருப்பிக் கொடுக்கவேண்டிய கடன் எதுவுமில்லை. ஆகவே ‘இனமாற்றம்’ என்பதே பொருத்தமான பெயர். ஒன்றுமில்லாதிருந்த சுழியமும் இடப்புறம் பெற்று, வலப்புறம் கொடுத்து, ஒன்பதாய் நிற்கிறது.

ஆகையால், உங்கள் பிள்ளை சுழியத்தின் முன் கலங்கி நிற்கையில் ‘மக்கு’ என்று சொல்லாதேயுங்கள். ஒரு பத்து ரூபாய் நோட்டையும் பத்து ஒரு ரூபாய் நாணயங்களையும் கையில் கொடுத்து, மாற்றிப் பார்க்கச் சொல்லுங்கள்.