சீட் கோடும் செக்றோலும்

பிராணிகளைப் பிடித்துச் சேகரிக்கும் வீடியோ விளையாட்டுகளில் சீட் கோட் போடுவதும் ஒரு வித்தைதான் என்று நான் சொல்லும்போது சிரிப்பவர்கள் உண்டு, முகஞ்சுளிப்பவர்களும் உண்டு. முகஞ்சுளிப்பவர்களுக்கு முதலில் ஒரு விஷயத்தைத் தெரிவித்துவிடுகிறேன். 1996ஆம் ஆண்டு ஜப்பானில் வெளிவந்த போக்கிமான் விளையாட்டைத் தோற்றுவித்த சதோஷி தஜிரி, பால்யத்தில் பூச்சி பிடித்துத் திரிந்தவர். இரண்டு கேம் பாய் இயந்திரங்களை இணைக்கும் கம்பியின் வழியே ஒரு பூச்சி இங்கிருந்து அங்கே ஊர்ந்து போவதாக அவர் மனத்தில் எழுந்த கற்பனையே அந்த ஆட்டத்துக்கு வித்தாயிற்று. ஆகவே, பூர்த்தியான சேகரம் தனியொருவனுக்குக் கிட்டாதபடி ஆதியிலேயே ஏற்பாடு செய்துவிட்டார்கள். 2004இல் வந்த ஃபயர்ரெட் பதிப்பில் வல்பிக்ஸ் என்னும் நரிக்குட்டி எந்தப் புல்லிலும் அகப்படாது. அதன் ஜோடிப் பதிப்பான லீஃப்கிரீனை வைத்திருப்பவன் மனமிரங்கி அனுப்பினால்தான் உண்டு. ஹான்டர் என்னும் பிராணி கெங்காராக உருமாற வேண்டுமானால், அதை இன்னொருவன் இயந்திரத்துக்கு ஒரு தடவையாவது அனுப்பியே தீரவேண்டும்.

தோக்கியோ நகரத்துச் சிறுவர்களுக்கு இது இனிய ஏற்பாடாக இருந்திருக்கலாம். தலவாக்கலைக்கும் கிரேட் வெஸ்டர்னுக்கும் நடுவே ரயில் நின்று போகும் வட்டகொடையில், கொழும்பிலே கடையில் நிற்கும் அண்ணன் கொடுத்தனுப்பிய பழைய போன் ஒன்றை லயத்துக் காம்பிராவில் உள்ள அத்தனை பேரும் முறைவைத்துப் பாவிக்கும் வீட்டிலே, அந்த இரண்டாவது இயந்திரத்துக்கு எங்கே போவது? எங்கள் ஆட்டமெல்லாம், கேம் பாய் ஆட்டங்களைப் போனில் ஓடவைக்கும் எமுலேட்டர் என்னும் செயலியில்தான். போனும் ஒன்று, ஆடுபவனும் ஒருவன் என்னும்போது, கெங்காரைக் காண்பதற்குக் காட்டுப் பிராணியை மாற்றும் கோட் ஒன்றே மார்க்கம். அதை ஏமாற்று என்பது, இரண்டு இயந்திரம் உள்ளவர்கள் எழுதிவைத்த நியாயம்.

கோட் என்பது மந்திரமுமன்று. ஆட்டத்தின் ஞாபகக் கிடங்கில் இன்ன விலாசத்தில் இன்ன எண்ணை எழுது என்னும் கட்டளையே அது. இதை அறியாதவர்கள் கிடைத்த கோடுகளையெல்லாம் ஒருங்கே போட்டு, ஆட்டம் உறைந்து நின்றபின் எமுலேட்டரைத் திட்டுவார்கள். ஃபயர்ரெட்டிலும் எமரால்ட் என்னும் இன்னொரு பதிப்பிலும் கையிருப்பில் உள்ள ஒவ்வொரு பிராணியும் 100 பைட் இடம் பிடிக்கிறது. அவற்றில் 48 பைட், அந்தப் பிராணிக்கும் அதன் எஜமானனுக்கும் உரிய எண்களிலிருந்து பிறந்த சாவியால் பூட்டப்பட்டிருக்கிறது. அந்த 48இன் கூட்டுத்தொகை வேறோரிடத்தில் சரிபார்ப்புக்கென்று பதிவாகியிருக்கிறது. உள்ளே கைவைத்துக் கூட்டுத்தொகையை மறந்தால், பிராணி ‘பேட் எக்’ என்னும் பொரியாத முட்டையாகிவிடும். அதை விடுவிக்கவும் இயலாது. ஆதலால், முடிந்த பிராணியை நேராக எழுதும் கோடைக் காட்டிலும், புல்லில் எது தோன்றவேண்டுமென்பதை மட்டும் மாற்றிவிட்டு, மற்றக் கணக்கையெல்லாம் ஆட்டத்தினிடமே ஒப்படைக்கும் கோட் உத்தமம். போடுமுன் வேறொரு இடத்தில் சேவ் செய்வதும், பிராணி அகப்பட்ட மறுகணமே கோடை அணைப்பதும் இந்த வித்தையின் பாலபாடம்.

ரேர் கேண்டி விஷயம் வேறு. கோட் போட்டு அந்த மிட்டாயை மூட்டையாக வரவழைத்து, ஊட்டி ஊட்டி நூறாம் படிக்கு ஏற்றிய பிராணி, அதே படிக்குச் சண்டையிட்டு ஏறிய பிராணியிடம் தோற்றுப்போவதைப் பார்த்துப் பையன்கள் திகைப்பார்கள். காரணம் கண்ணுக்குத் தெரியாத ஒரு பேரேடு. வெல்லும் ஒவ்வொரு சண்டைக்கும், தோற்ற பிராணியின் இனத்தைப் பொறுத்து, வேகத்துக்கோ வலிமைக்கோ சில முயற்சிப் புள்ளிகள் சேருகின்றன. மொத்தம் 510 வரை சேரலாம். நூறாம் படியில் நான்கு புள்ளிக்கு ஒன்றாக அவை குணத்தில் கூடும். ஒரே குணத்தில் 255 சேர்த்தவனுக்கு ஏறக்குறைய 63 அதிகம். மிட்டாய்க்கு ஒரு புள்ளியும் கிடையாது. மலைக்குப் போய்க் கொழுந்து கிள்ளியவளுக்குத்தான் செக்றோல் என்னும் தோட்டத்து வேலைப் பதிவேட்டில் பேர் விழும் என்பதுபோல, இங்கேயும் நின்று உழைத்த பிராணிக்கே கணக்கு ஏறுகிறது. நம் தோட்டத்துக் கணக்கில் நேரும் வெட்டும் குறைப்பும் இதில் இல்லை என்பது மட்டுமே வித்தியாசம். முதலில் சண்டை, பிறகு மிட்டாய் என்பது என் சம்பிரதாயம்.

நிறம் மாறிய ஷைனி பிராணிக்காக மட்டும் நான் கோட் போடுவதில்லை. 8192இல் ஒன்று என்ற அபூர்வம் போய்விட்டால் மிஞ்சுவது வேறு சாயம் பூசிய பொம்மை. சுவரூடே நடக்கும் கோடும் அப்படியே. கதையில் பாதியைத் தாண்டிவிட்டு, வாசல் திறக்கவில்லையே என்று நிற்பதற்கு அது உதவும்.

இதுவரை சொன்னதெல்லாம் அவரவர் போனுக்குள் அடங்குவது. ஜிபிஎஸ் துணையோடு வெளியே நடந்து திரிந்து ஆடும் போக்கிமான் கோ 2016 டிசம்பரில் முறைப்படி இலங்கைக்கு வந்தபோது கதை மாறிற்று. நகரத்தில் சிலைக்கும் சந்திக்கும் ஆட்டப் பொருள்கள் கிடைக்கும் ஒரு நிறுத்தம் இருக்க, தேயிலை மலைகளுக்கு நடுவே அவை அரிதாயிருந்தபடியால், பொய் ஜிபிஎஸ் வைத்து வட்டகொடையில் இருந்தபடியே கொழும்பில் உலாவ ஆசை வருவது இயல்புதான். ஆசையை நான் குற்றம் சொல்லமாட்டேன். ஆனால் அங்கே வெயிலில் நடந்துவந்து ஜிம் என்னும் சண்டைக் களத்தைப் பிடித்தவன் ஒருவன் இருக்கிறான், அவனை லயத்துத் திண்ணையிலிருந்து தள்ளிவிடுகிறோம். பிறரைப் பாதிக்கும் திருத்தத்துக்கும் இதே நியாயம்தான். 2023இல் யோகோஹாமாவில் நடந்த போக்கிமான் உலகப் போட்டியில், திருத்திய பிராணிகளோடு வந்த ஆட்டக்காரர் சிலர் நீக்கப்பட்டார்கள். அடுத்த ஆண்டு, திருத்திய பிராணிகளைக் காசுக்கு விற்ற ஒருவரை ஜப்பானின் கொச்சிப் பொலிசார் கைதுசெய்தார்கள். இரண்டும் நியாயமென்றே நினைக்கிறேன்.

என்னிடம் கோட் கேட்டு வரும் தம்பிமாருக்கு நான் மறுப்பதில்லை. நான் கேட்டுக்கொள்வது ஒன்றே: அந்தக் கெங்காரை நாளைக்கு இன்னொருவனுக்குக் கொடுக்கும்போது, அது கோட் போட்டு வந்தது என்பதைச் சொல்லிக் கொடுங்கள்.