இரவல் பெயர்

நம் நகைச்சுவை நடிகர்களுக்குப் பட்டம் முன்னே வரும், பெயர் பின்னே வரும். 'டணால்' தங்கவேலு, 'குலதெய்வம்' ராஜகோபால், 'என்னத்தே' கன்னையா என்று எத்தனையோ பேர். அவையெல்லாம் அவரவர் நடிப்பால் சம்பாதித்த பெயர்கள். ஆனால் மதுரைக்காரரான பாலாஜிக்கு முன்னால் ஒட்டிக்கொண்டதோ இன்னொரு நடிகரின் பெயர்! விஜய் டி.வி.யின் 'கலக்கப்போவது யாரு' மேடையில் வடிவேலுவின் நடை, குரல், விழி உருட்டல் எல்லாவற்றையும் செய்து காட்டி, 'வடிவேல் பாலாஜி' ஆகிவிட்டார்.

அரூரில் என் அத்தை, 'அது இது எது' ஓடும்போது முறத்தை மடியில் வைத்துப் புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருப்பாள். 'சிரிச்சா போச்சு' பகுதி வந்ததும் கை நின்றுவிடும். விருந்தாளிகள் சிரிக்காமல் உட்கார்ந்திருக்க வேண்டும் என்பது அதில் விதி. பாலாஜி புடவை கட்டிக்கொண்டு, இடுப்பை ஒடித்து வந்து நிற்பார். அவர் வாயைத் திறக்குமுன் அத்தை தோற்றுப் போவாள்.

"வடிவேலு வந்துட்டான் பாரும்மா!"

"வடிவேலு இல்லை அத்தை, பாலாஜி."

"ஏதோ ஒரு வடிவேலு!"

2011 தேர்தலுக்குப் பிறகு அசல் வடிவேலுவின் புதுப்படங்கள் சில ஆண்டுகள் அருகிப் போயிருந்தன. வீடுகளில் அந்தக் குறையைக் கொஞ்சமாவது தீர்த்தவர் இவர்தான் என்றால், சினிமா விமரிசகர்கள் என்னோடு சண்டைக்கு வருவார்கள். வரட்டும்! புடவை வேடத்தில் வடிவேலு கால் பங்குதான். பதில் சொல்லுமுன் ஒரு கணம் நிறுத்தி, எதிராளியின் கண்ணையே பார்க்கும் குறும்பு இருக்கிறதே, அது பாலாஜியின் சொந்தச் சொத்து.

ஆனால் படம் எடுக்கிறவர்களுக்கு அந்த முக்கால் பங்கு கண்ணில் பட்டதாகத் தெரியவில்லை. அதே நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்கிய சிவகார்த்திகேயன் 2012-ல் 'மெரினா' வழியாகக் கதாநாயகரானார். பாலாஜிக்குக் கிடைத்தவை 2018-ல் வந்த 'கோலமாவு கோகிலா' போன்ற படங்களில் சின்னச் சின்ன வேடங்கள்.

2020-ல் கொரோனா வந்தது. கோயில் திருவிழா மேடைகள் இருண்டன. கலியாண வீட்டு நிகழ்ச்சிகளும் நின்றன. மேடைக்கு மேடை கூலி வாங்கும் கலைஞர்கள் கையைப் பிசைந்துகொண்டு வீட்டில் உட்கார்ந்தார்கள். அந்த ஆண்டு செப்டம்பர் 10-ந் தேதி சென்னையில் பாலாஜி காலமானார். வயது 45.

அன்று இரவு அரூரிலிருந்து போன் வந்தது.

"நம்ம பாலாஜி போயிட்டானாமேம்மா! புள்ளைங்க சின்னதுங்களாமே. ஆஸ்பத்திரிச் செலவையெல்லாம் யாரு பார்த்தாங்களாம்?"

பத்திரிகையில் வேலை செய்கிறவளுக்கு எல்லாம் தெரியும் என்பது அத்தையின் எண்ணம்.