பெயரில் நின்றுவிட்ட பிழை

மெய்ப்புப் பார்க்கிறவர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. பொருள் புரிகிறதோ இல்லையோ, எழுத்து இடறினால் கண் நின்றுவிடும். நாகர்கோவிலில் ஓர் அச்சகத்தில் முப்பது ஆண்டுகளுக்கு மேலாக இதுதான் என் வேலை. கல்யாணப் பத்திரிகை, கோயில் கொடை நோட்டீஸ், பள்ளி ஆண்டு மலர், கவிதைத் தொகுதி, கல்லூரிப் பாடநூல் என்று எல்லாமே என் மேஜையைத் தாண்டித்தான் மெஷினுக்குப் போகும். சில ஆண்டுகளுக்கு முன்பு ஒரு வேதியியல் நூலின் மெய்ப்பில் என் கண் அப்படி நின்ற இடம், ஒரு கல்லின் பெயர்: செனோடைம்.

தனிமங்களும் கனிமங்களும் எப்படிப் பெயர் பெற்றன என்று மாணவர்களுக்குச் சொல்லும் நூல் அது. செனோடைம் அரிதாகக் கிடைக்கும் ஒரு பாஸ்பேட் கனிமம். இட்ரியம் என்ற உலோகம் பாஸ்பேட்டோடு சேர்ந்து உண்டானது. பழுப்பும் மஞ்சளுமாகக் கண்ணாடி மினுக்கோடு இருக்கும்; பார்வைக்கு சிர்க்கான் கல்லைப் போலவே தோன்றும். ஆனால் சிர்க்கான் கத்திக்கு அசையாது, இதைக் கத்தி முனையால் கீறிவிடலாம். இவ்வளவையும் சொல்லிவிட்டு, கிரேக்கத்திலிருந்து வந்த இந்தப் பெயருக்கு ‘வெற்று மதிப்பு’ என்று பொருள் என முடித்திருந்தார் ஆசிரியர்.

அங்கேதான் பென்சில் நின்றது. சில பக்கங்களுக்கு முன்னால் செனான் வாயுவைப் பற்றி எழுதியிருந்தார். ராம்சேயும் டிராவர்சும் 1898இல் கண்டுபிடித்த வாயு. ‘க்செனோஸ்’ என்றால் கிரேக்கத்தில் அயலான். அதனால் அந்தப் பெயர். அங்கே அயலான் என்று பொருள்பட்ட அதே சொல் இங்கே எப்படி வெறுமை ஆகும்? இரண்டில் ஒன்று பிழையாக இருக்க வேண்டும். சுற்றி ஒரு வட்டம் போட்டு, ஓரத்தில் கேள்விக்குறி இட்டு, ஆசிரியருக்கு போன் செய்தேன்.

அவர் ஓய்வுபெற்ற பேராசிரியர். சிரித்துவிட்டுச் சொன்னார்: “நீங்க வட்டம் போட்டது சரிதாம்மா. ஆனா ரெண்டு இடமும் அப்படியே இருக்கட்டும். தப்பு புத்தகத்துல இல்லை, அந்தக் கல்லோட பேருலேயே இருக்கு.”

பிறகு அவர் சொன்னதும், அதன் பின் நானாகத் தேடிப் படித்ததுமாகச் சேர்த்துச் சொல்கிறேன்.

1815ஆம் ஆண்டு. சுவீடன் நாட்டு வேதியியலர் பெர்சிலியஸ், ஃபாலுன் சுரங்கப் பகுதியில் கிடைத்த ஒரு கனிமத்தைப் பகுத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். அப்போது அவருக்கு வயது முப்பத்தாறுதான். ஆனால் ஐரோப்பா முழுவதும் அறிந்த பெயர். நம் பிள்ளைகள் இன்றைக்கும் பள்ளிக்கூடத்தில் எழுதுகிறார்களே, ஆக்சிஜனுக்கு ‘ஓ’, கார்பனுக்கு ‘சி’ என்று ஓரிரு எழுத்துக் குறிகள், அந்த முறையை வகுத்தவர் அவர்தான். ஒரு தனிமத்துக்கு ஓரிரு எழுத்து போதும் என்று உலகத்துக்குக் கற்றுக்கொடுத்தவர். அந்தக் கனிமத்தில் அதுவரை யாரும் காணாத ஒரு புதிய தனிமம் இருப்பதாக அவருக்குத் தோன்றியது. நார்டிக் புராணத்தின் இடித்தேவன் தோர் பெயரை எடுத்து, அதற்குத் தோரியம் என்று பெயர் வைத்தார்.

அது புதிய தனிமமே இல்லை. 1794லேயே கடோலின் என்ற வேதியியலர் இனங்கண்ட இட்ரியா என்ற ஆக்சைடுக்குள் இருந்த இட்ரியம்தான். பாஸ்பேட்டோடு இறுகப் பிணைந்து கிடந்ததால் வேறு முகம் காட்டியது. தெரிந்த ஆளே புதிய சட்டையில் வந்தால் தெருமுனையில் ஒரு கணம் தடுமாறுகிறோம் அல்லவா, அப்படித்தான். ஏறத்தாழப் பத்து ஆண்டுகள் கழித்து, நார்வேயிலிருந்து வந்த ஒரு கனிமம் இட்ரியம் பாஸ்பேட் என்று கண்டறிந்தபோது, தம் பழைய தோரியமும் இதேதான் என்பது அவருக்கு விளங்கியது. தான் சொன்னது தவறு என்று தானே எழுதி வெளியிட்டார். பிறர் கண்டுபிடித்துக் குத்திக்காட்டுகிற வரையில் அவர் காத்திருக்கவில்லை.

அதோடு முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை. 1832இல் பிரெஞ்சுக் கனிமவியலர் பியூதான் அந்த இட்ரியம் பாஸ்பேட்டுக்குப் பெயர் சூட்டினார். கிரேக்கத்தில் ‘கெனோஸ்’ என்றால் வெறுமை, வீண்; ‘டிமே’ என்றால் மதிப்பு, மரியாதை. புதிய தனிமம் கண்டதாகப் பெர்சிலியஸ் கொண்ட பெருமை வீணாய்ப் போனதைக் கல்லின் பெயராகவே ஆக்கினார். பெர்சிலியஸ் அப்போது உயிரோடு இருந்தார். அதன் பின்னும் பதினாறு ஆண்டுகள் வாழ்ந்து 1848இல்தான் மறைந்தார். நம் ஊர்களில் பட்டப்பெயர் வைப்பது போலத்தான் இது. சின்ன வயதில் ஒருவன் ஒருமுறை இடறி விழுந்திருப்பான். அறுபது வயதிலும் அவனை அந்த விழுந்த கதையைச் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். எழுந்து நடந்த கதையில் யாரும் பெயர் வைப்பதில்லை.

ஆனால் அந்தப் பட்டப்பெயரும் சரியாக ஏறவில்லை. ‘கெனோடைம்’ என்று வர வேண்டியதில் ‘கே’ என்ற எழுத்து இருக்க வேண்டிய இடத்தில் ‘எக்ஸ்’ வந்து உட்கார்ந்துவிட்டது. கெனோஸ் க்செனோஸ் ஆயிற்று. வெறுமை அயலான் ஆயிற்று. ‘வெற்று மதிப்பு’ என்று குத்த நினைத்தது, ‘அயலார் மதிப்பு’ என்று படிக்கும்படி ஆகிவிட்டது. இந்தக் கனிமம் பொடிப்படிகமாக அரிதாகக் கிடப்பதால் நெடுநாள் யார் கண்ணிலும் படாமல் மதிப்புக்கு அயலாக இருந்தது, அதனால்தான் இந்தப் பெயர் என்று பிற்காலத்தில் விளக்கம் சொன்னவர்களும் உண்டு. தவறாக அச்சேறிய சொல்லுக்கும் யாராவது ஒரு நல்ல பொருளைத் தேடித் தந்துவிடுகிறார்கள். என் தொழிலில் இதை எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன்.

இதைக் கேட்ட அன்று வீட்டுக்குப் போன பிறகும் மனம் அதையே சுற்றி வந்தது. காரணம், என் கணக்கிலும் ஓர் எழுத்து இருக்கிறது.

வேலையில் சேர்ந்த புதிது. ஈய எழுத்துகளைக் கையால் கோத்து, டிரெடில் மெஷினில் ஓட்டிய காலம். மணவாளக்குறிச்சிப் பக்கத்துக் கடற்கரைக்காரர் ஒருவர், பள்ளி ஆசிரியராக இருந்து ஓய்வுபெற்றவர், தம் வாழ்க்கையைச் சிறு நூலாக எழுதி அச்சுக்குக் கொடுத்திருந்தார். கட்டுமரத்தில் போய்த் திரும்பாத அப்பா, வலை பின்னிப் படிக்கவைத்த அம்மா, காலில் ஒட்டினால் லேசில் உதிராத அந்த ஊர்க் கருமணல், எல்லாம் அதில் இருந்தது. கடைசி அத்தியாயத்துக்குக் ‘கரை சேர்ந்த கதை’ என்று தலைப்பு. ஐந்நூறு படிகளும் தைத்து, அட்டை ஒட்டி வந்த பிறகு, முதல் படியைக் கையில் வாங்கிப் புரட்டியவர் கடைசி அத்தியாயத்தில் நின்றுவிட்டார். ‘கறை சேர்ந்த கதை’ என்று இருந்தது.

அச்சுக்கோப்பவர் பிறகு மாற்றிவிட்டார் என்று சொல்லிவிடலாமா என ஒரு நொடி நினைத்தேன். மெய்ப்புக் கட்டை அவிழ்த்துத் தாளை எடுத்துப் பார்த்தேன். மை ஈரத்தில் சற்றே பரவியிருந்த அந்தத் தலைப்புக்கு நேராக என் பென்சில் டிக். கீழே என் கையெழுத்து. பெரிய எழுத்தில் இருப்பதால் தலைப்பில் பிழை இருக்காது என்று கண் நம்பிவிடுகிறது. பின்னாளில் நான் கற்ற பாடம் அது. அன்றைக்கு அந்தத் தாளைப் பிடித்திருந்த கை நடுங்கியது. அவரிடம் கொண்டு போய்க் காட்டி, “சார், நான்தான் பார்க்காம விட்டுட்டேன்” என்றேன்.

அவர் தாளை வாங்கிக் கொஞ்ச நேரம் பார்த்தார். “தப்பு வந்துட்டு மக்ளே. அத மறைக்காண்டாம். ஒரு துண்டுச் சீட்டு அடிச்சு ஒட்டிக் குடு. படிக்கிறவன் திருத்திப் படிச்சுக்கிடுவான்” என்றார். அன்றிரவு மின்சாரம் போய், பெட்ரோமாக்ஸ் விளக்கை ஏற்றிவைத்துக்கொண்டு, மைதாப் பசை காய்ச்சி, ஐந்நூறு படிகளிலும் பிழைத்திருத்தச் சீட்டு ஒட்டினோம். ஒட்டி முடிக்கும்போது விடிந்துவிட்டது. அந்த நூலில் ஒரு படி இன்னும் என்னிடம் இருக்கிறது. சீட்டு பழுத்து மஞ்சளாகிவிட்டது; உரியவில்லை.

பெர்சிலியஸ் பிறகு என்ன செய்தார் என்பதுதான் எனக்கு இந்தக் கதையில் மிகப் பிடித்த பகுதி. நார்வேயின் லோவோயா தீவில் எஸ்மார்க் என்ற பாதிரியார் ஒரு கறுப்புக் கல்லைக் கண்டெடுத்தார். கனிமவியல் பேராசிரியரான அவருடைய தந்தை அதைப் பெர்சிலியசுக்கு அனுப்பிவைத்தார். அதில் உண்மையாகவே ஒரு புதிய தனிமம் இருந்தது. 1829இல் அவர் அதை அறிவித்தபோது, வேறு பெயர் தேடவில்லை. பிழையாய்ப் போன அதே தோரியம் என்ற பெயரைத் துடைத்து எடுத்து இதற்கு வைத்தார். ஒருமுறை தவறிய சொல்லை அவர் தூக்கி எறிந்துவிடவில்லை. அதற்கு உரிய பொருள் வருகிற வரையில் வைத்திருந்து, வந்ததும் கொடுத்தார். பியூதான் ‘வெற்று மதிப்பு’ என்று பெயர் வைத்த 1832இல், அந்த வெறுமை நிரம்பி மூன்று ஆண்டுகள் ஆகியிருந்தன.

அந்தத் தோரியத்துக்கும் எங்கள் ஊருக்கும் நேர்த் தொடர்பு உண்டு. 1909இல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மன் வேதியியலர், திருவிதாங்கூரிலிருந்து போன கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட் என்ற கனிமம் இருப்பதைக் கண்டார். அதைத் தேடி வந்து மணவாளக்குறிச்சியில் ஆலை போட்டார். மோனசைட்டும் செனோடைமைப் போல அருமண் உலோகங்களின் பாஸ்பேட்தான்; அதன் பெயருக்குத் ‘தனித்திருப்பது’ என்று பொருள். அதில் தோரியம் உண்டு. அன்றைக்கு உலகம் அதைத் தேடியது விளக்குக்காக. பெட்ரோமாக்ஸ் மேன்டிலை முதன்முதல் கொளுத்தும்போது நூல் எரிந்து சாம்பல் வலையாக நிற்குமே, விரல் பட்டால் பொடிந்துவிடுமே, அந்த வெள்ளைச் சாம்பல் பழைய மேன்டில்களில் பெரும்பகுதி தோரியம் ஆக்சைடு. நூற்றில் ஒரு பங்கு போல சீரியம் ஆக்சைடு. சீரியத்தை 1803இல் ஹிசிங்கரோடு சேர்ந்து கண்டுபிடித்தவரும் இதே பெர்சிலியஸ். கடற்கரை வாத்தியாரின் நூலில் நாங்கள் பிழைத்திருத்தம் ஒட்டிய அந்த வகை வெளிச்சமே, பிழை திருத்திக்கொண்ட ஒரு மனிதரிடமிருந்து வந்ததுதான் என்று அன்றைக்கு எனக்குத் தெரியாது.

இப்போது என் மேஜையில் எல்.இ.டி. விளக்கு. இந்த வெள்ளை விளக்குகளில் பெரும்பாலானவற்றில் உள்ளே எரிவது நீல ஒளி; அதன் மேல் பூசிய மஞ்சள் பொடிதான் அதை வெள்ளையாக்குகிறது. அந்தப் பொடி இட்ரியமும் அலுமினியமும் ஆக்சிஜனும் சேர்ந்த ஒரு செயற்கைப் படிகம், துளி சீரியம் கலந்தது. பெர்சிலியஸ் வேறொன்றாகக் கண்டு ஏமாந்த இட்ரியமும், சரியாகக் கண்ட சீரியமும் ஒரே பொடியில் சேர்ந்து எனக்கு வெளிச்சம் தருகின்றன. அந்த வெளிச்சத்தில்தான் நான் அடுத்தவர் பிழையைத் தேடிக்கொண்டிருக்கிறேன்.

இன்னொன்றும் படித்தேன். செனோடைம் படிகங்களில் பல நேரம் கொஞ்சம் தோரியமும் யுரேனியமும் கலந்திருக்கும். தோரியம் இல்லாத இடத்தில் தோரியம் கண்டார் என்று கேலிப் பெயர் வாங்கிய கல்லுக்குள்ளேயே துளித் தோரியம் இருக்கிறது.

என் தீர்ப்பு இதுதான். பெர்சிலியஸ் தம் தவறைப் பத்து ஆண்டுகளில் திருத்திக்கொண்டார். அந்தத் தவறைக் காட்ட வைத்த பெயரில் நேர்ந்த எழுத்துப் பிழை இருநூறு ஆண்டுகளை நெருங்கியும் திருத்தப்படவில்லை. வழக்கில் ஊன்றிவிட்டதால் இனித் திருத்தவும் மாட்டார்கள். யாரும் தவறுவார்கள். தவறியதைத் தன் பெயர் போட்டு, தன் வாயால் சொல்லித் திருத்துவதில்தான் மதிப்பு இருக்கிறது. அந்த மதிப்பு வெற்று மதிப்பு ஆகாது.

பேராசிரியரின் நூலில் நான் போட்ட வட்டத்தை அழித்துவிட்டு, அவர் சொன்னதன்படி அந்தப் பத்தியின் கீழ் இரண்டு வரி சேர்த்தோம்: பெயரில் உள்ள எழுத்துப் பிழையும், பெர்சிலியஸ் தம் தவறைத் தாமே திருத்திக்கொண்டதும். மாணவர்கள் இரண்டையும் சேர்த்தே படிக்க வேண்டும் என்றார் அவர்.

உங்களிடம் ஒரு வேண்டுகோள். எந்த நூலிலாவது கடைசியில் பிழைத்திருத்தப் பக்கம் இருந்தால் அதைத் தள்ளிவிட்டுப் போகாதீர்கள். ஒரு பென்சிலை எடுத்து, அதில் சொன்ன பக்கத்துக்குப் போய், உங்கள் படியில் அந்த எழுத்தைத் திருத்திவிட்டுப் பிறகு படியுங்கள்.