பூஜ்யம்

லினக்ஸ் கணினிகளில் லிப்கர்ல் என்று ஒரு பகிர்வு நூலகம் உண்டு. வலையில் எதையாவது கேட்டு வாங்க வேண்டிய நிரல்கள் பலவும் அதைத்தான் கூப்பிடும். வட்டில் ஒரே ஒரு பிரதி; எத்தனை நிரல்கள் ஓடினாலும் அதையே பங்கு போட்டுக்கொள்ளும். பதிலுக்கு எத்தனை நொடி காத்திருப்பது என்று நாம் அதற்குச் சொல்லலாம். சொல்லாவிட்டால் மதிப்பு பூஜ்யம். பூஜ்யம் என்றால் காத்திருக்காதே என்று நினைப்பீர்கள். இல்லை. எவ்வளவு நேரமானாலும் காத்திரு என்று அர்த்தம். இணைப்பு கிடைப்பதற்கு மட்டும் தனியாக 300 நொடி வரம்பு உண்டு. எதிர்முனை இணைப்பைக் கொடுத்துவிட்டு வாயைத் திறக்காமல் உட்கார்ந்துவிட்டால் அந்த வரம்பால் பயனில்லை.

மதுரையிலிருந்து முதுகலை படிக்க ஜெர்மனிக்கு வந்தவன் நான். 2014இல் ஒரு கிடங்கு நிறுவனத்துக்கு ஆலோசகனாக இருந்தேன். அவர்களுடைய நிரல்களுக்கும் லிப்கர்லுக்கும் நடுவே நான் எழுதிய ஒரு சின்ன நூலகம் இருந்தது. அதில் 30 நொடி என்று எழுதியிருந்தேன். பிறகு ஒருநாள், சுத்தம் செய்கிறேன் பேர்வழி என்று, அந்த எண்ணை அமைப்புக் கோப்புக்கு மாற்றினேன். கோப்பில் எண் இல்லாவிட்டால் பூஜ்யம் என்று எடுத்துக்கொள்ளும்படி எழுதினேன். அமைப்புக் கோப்பில் எண்ணைப் போட மறந்தேன்.

மூன்று வாரம் ஒன்றும் ஆகவில்லை. பகிர்வு நூலகத்தின் குணம் அது. புதிய கோப்பை வைத்துவிட்டாலும், ஏற்கெனவே ஓடிக்கொண்டிருக்கும் நிரல் பழையதை விடாது. மறுபடி தொடங்கும்போதுதான் புதியதை எடுக்கும்.

தொடங்கி வைத்தவன் அந்தப் பையன். டோர்ட்முண்டில் பிறந்த யாழ்ப்பாணத்துப் பிள்ளை, தகுதிகாண் காலத்தில் இருந்தான். அலுவலகச் சமையலறையில் யாரும் இல்லாதபோது என்னோடு தமிழில் பேசுவான். ஒரு மாலை வேறு ஏதோ வேலைக்காக நிரலை நிறுத்தித் தொடங்கினான். அன்று இரவு இரண்டு மணிக்கு, சரக்கு அனுப்பும் கூட்டாளியின் சர்வர் ஊமையாகிவிட்டது. எங்கள் நிரலின் இருபது த்ரெட்களும் ஒவ்வொன்றாகப் போய்க் காத்து நின்றன. பிழைச்செய்தி எதுவும் இல்லை. கண்காணிப்புத் திரையில் பச்சை விளக்கு. கிடங்கிலிருந்து ஒரு பெட்டிகூட வெளியே போகவில்லை.

காலைக் கூட்டத்தில் முதல் கேள்வி: நேற்று யார் எதைத் தொட்டது?

“அண்ணை, நான் கோட்டில கையே வைக்கேல்ல,” என்றான் என்னிடம், வெளியே வந்ததும்.

பதினோரு மணிக்கு ஸ்ட்ரேஸ் கருவியைப் போட்டுப் பார்த்தேன். ஏதாவது வந்ததா என்று நொடிக்கு ஒருதரம் நிரல் கேட்கிறது. இல்லை. மறுபடி கேட்கிறது. இல்லை. திரையில் அந்த ஒரே வரி ஓடிக்கொண்டே இருந்தது. எனக்குப் புரிந்துவிட்டது. 30 என்று போட்டு, நிரலைத் தொடங்கிவிட்டு, அறிக்கை எழுதினேன்: “காலவரம்பு அமைப்பு சரிசெய்யப்பட்டது.” யார் கெடுத்தது என்று சொல்லாமல் தப்பிக்க ஜெர்மன் மொழியில் நல்ல வசதி உண்டு. தமிழிலும் உண்டு என்பதை இதை எழுதும்போது பார்க்கிறேன்.

என் ஒப்பந்தம் அந்த மாதம் புதுப்பிக்க வேண்டியிருந்தது. வீட்டுக்கடன் அப்போதுதான் வாங்கியிருந்தேன். காரணம் என்று சொன்னால் இவ்வளவுதான். தகுதிகாண் காலம் முடியுமுன் அவனை அனுப்பிவிட்டார்கள். காரணம் சொல்லவில்லை. அந்தக் காலத்தில் சொல்லத் தேவையும் இல்லை. மேசையைக் காலி செய்துகொண்டு போகும்போது, “அண்ணை, வாறன்,” என்றான்.

போன கோடையில் ஹம் காமாட்சி அம்மன் கோயில் தேரில் அவனைப் பார்த்தேன். தோளில் ஒரு குழந்தை. என்னைக் கண்டதும் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து மனைவியிடம் சொன்னான்: “இவர்தான் எனக்கு லினக்ஸ் சொல்லித் தந்த அண்ணை.”

அவள் கைகூப்பினாள். வெயில் அதிகம், குழந்தைக்குத் தொப்பி போடுங்கள் என்றேன்.