கிகாலி: காலையில் நினைவகம், மாலையில் சந்தை

ருவாண்டாவுக்குப் பலரும் கொரில்லா பார்க்கத்தான் போகிறோம். கிகாலியில் ஒரு நாள் இருந்தால் கிசோசி நினைவகத்துக்கும் கட்டாயம் போங்க. 1994 இனப்படுகொலையில் இறந்த 2,50,000 பேருக்கு மேல் அந்த வளாகத்திலேயே அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்கள்.

சின்னப் பிள்ளைகளைக் குழந்தைகள் அறைக்குள் கூட்டிப் போகாதீங்க. பெரிய பெரிய படங்கள். கீழே பிடித்த சாப்பாடு, பிடித்த விளையாட்டு, பிறகு எப்படிக் கொல்லப்பட்டது என்று ஒரு வரி. என் 13 வயது மகள் அதையும் பார்த்தாள். ஆனால் அவள் மனதில் தங்கியது அடையாள அட்டைதான். பெல்ஜியம் ஆண்ட 1930களில் வந்தது. ஹூட்டு, டுட்ஸி என்று அதில் இருக்கும். 1994-இல் சாலைத் தடைகளில் அதைப் பார்த்துத்தான் கொன்றார்கள்.

அன்றே கிமிரோன்கோ சந்தைக்குப் போகலாமா என்று தயக்கம். போனது நல்லதுதான். மரத்தக்காளி, பேஷன் பழம், வாழைக்குலைகள், கண்ணைப் பறிக்கும் கிட்டெங்கே துணிகள். பிளாஸ்டிக் பைக்கு நாடு முழுக்கத் தடை, துணிப்பை கொண்டு போங்க. வாங்கிய துணியை அங்கேயே தைத்தும் தருவாங்க.

எங்களுக்குத் தைத்தவருக்கு ஐம்பது வயசிருக்கும். அளவெடுக்கும்போது மகள் தமிழில் கேட்டாள்: "அம்மா, இவங்க அப்போ எந்தப் பக்கம்?"

"இப்போ அட்டையில அது கிடையாது. நாமளும் கேட்கக் கூடாது," என்றேன், தமிழிலேயே. அவள் கேட்டதற்கு அது பதில் இல்லை.

ஒரு மணி நேரத்தில் பாவாடை தயார். இடுப்பில் இரண்டு விரல் கூடுதலாக விட்டிருந்தார், வளர்ற பிள்ளை என்று கையால் உயரம் காட்டி.