லிஃப்டில் ஒரு மூலை

ஆகஸ்ட் 3, 2025, ஞாயிறு. மேற்கு மாம்பலம்

மளிகைக் கடைப் பின்கட்டில் பிறந்த குட்டிகளில் மிஞ்சிய ஒன்று எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டது. நாட்டு நாய், பெட்டை. எட்டு வாரம் இருக்கும் என்றார் டாக்டர். நிறத்தைப் பார்த்துப் பையன் சுக்கு என்று பேர் வைத்தான். முதல் ஊசி போட்டாயிற்று. "எல்லா ஊசியும் முடியப் பதினாறு வாரம் ஆகும் மேடம். அதுவரைக்கும் தெருவுல இறக்காதீங்க, பார்வோ வந்துடும்" என்று சொல்லி அனுப்பினார்.

மூன்றாவது மாடி. வந்ததும் சோபாவுக்கு அடியில் போய்ப் படுத்துக்கொண்டது. யாரும் இழுக்க வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

ஆகஸ்ட் 5, செவ்வாய்

டாக்டர் சொல்வது சரிதான். பார்வோ வைரஸ் மண்ணில் மாதக்கணக்கில் உயிரோடு கிடக்கும். எங்கள் தெருவில் எந்தத் தூணடியில் எந்த நாய்க்குப் பேதியானது என்று யார் கண்டது?

ஆனால் இன்னொரு கணக்கும் இருக்கிறது. அமெரிக்காவின் மெய்ன் மாநிலத்தில் ஜான் பால் ஸ்காட்டும் ஜான் ஃபுல்லரும் வருடக்கணக்கில் நாய்க்குட்டிகளை வளர்த்துக் கவனித்து 1965-ல் ஒரு புத்தகம் எழுதினார்கள். மூன்றாம் வாரத்திலிருந்து ஏறத்தாழப் பன்னிரண்டாம் வாரம் வரை குட்டி எதைப் பார்க்கிறதோ, கேட்கிறதோ, மிதிக்கிறதோ, அதையெல்லாம் சகஜம் என்று எடுத்துக்கொள்ளும். அதன் பிறகு எதிர்ப்படுவது எல்லாமே சந்தேகம்தான். அவர்கள் ஆய்வகத்துச் சோதனை ஒன்று 1961-ல் வெளியானது. வேலிக்குள்ளே மனிதர் கையே படாமல் வளர்ந்த குட்டிகளைப் பதினாலாம் வாரத்தில்தான் வெளியே எடுத்தார்கள். அதற்குப் பிறகு எவ்வளவு கொஞ்சியும் அவை மனிதரிடம் ஒட்டவில்லை.

ஆக, ஊசி முடிவது பதினாறாம் வாரம். பழகும் வாசல் சாத்துவது பன்னிரண்டிலோ பதினாலிலோ. அமெரிக்கக் கால்நடை நடத்தை மருத்துவர்களின் சங்கம் 2008-லேயே இதைப் பேசியிருக்கிறது. அங்கே மூன்று வயதுக்குள் நாய்கள் சாக முதல் காரணம் தொற்றுநோய் இல்லையாம். நடத்தை சரியில்லை என்று கைவிடப்படுவதும் கருணைக்கொலையும்தானாம்.

டாக்டரிடம் போனில் கேட்டேன். "தூக்கிட்டுப் போங்க, தாராளமா. கால் தரையில படக்கூடாது, வேற நாய் மோந்து பார்க்கக்கூடாது, அவ்வளவுதான்" என்றார். பரணிலிருந்து ஜவுளிக்கடைக் கட்டைப்பை ஒன்றை இறக்கினேன்.

ஆகஸ்ட் 9, சனி

கட்டைப்பைக்கு அடியில் பழைய துண்டு, அதன்மேல் சுக்கு. தலை மட்டும் வெளியே. ஆரிய கவுடா சாலையில் அயோத்தியா மண்டபத்துக்கு எதிர்ப்பக்கம் ஒரு கடைப்படியில் உட்கார்ந்தோம்.

முதலில் மூக்குதான் வேலை செய்தது. பூக்கடைப் பக்கம் திரும்பியது, பிறகு காபிக் கொட்டை வறுக்கிற பக்கம், பிறகு சாக்கடை. ஆட்டோ ஹாரனுக்குக் காது இரண்டும் பின்னால் மடங்கின. தண்ணீர் லாரி ரிவர்ஸ் எடுத்தபோது உதட்டை நக்கியது, ஒரு கொட்டாவி விட்டது. தூக்கம் வந்து விடுகிற கொட்டாவி இல்லை. நாய்க்குப் பதற்றம் வந்தால் இப்படித்தான். எழுந்து இருபது அடி தள்ளி உட்கார்ந்தேன். இப்போது அதே லாரிச் சத்தத்தைத் தலையைச் சாய்த்துக் கேட்டது. உடனே பட்டாணி அளவு வேகவைத்த ஈரல். லாரி கத்தினால் ஈரல் வரும், லாரி நின்றால் ஈரலும் நிற்கும். தொழில் ரகசியம் என்று ஒன்று இருந்தால் இவ்வளவுதான்: தூரம், ஈரல்.

போகிறவர் வருகிறவர் எல்லாம் தலையைத் தடவக் கை நீட்டினார்கள். வேண்டாம் என்று சிரித்துக்கொண்டே பையை இழுத்துக்கொண்டேன். மூன்று மாதத்துக்குள் குட்டி நூறு பேரைச் சந்திக்க வேண்டும் என்பது இயான் டன்பார் என்கிற பயிற்சியாளரின் பிரபலமான வாக்கு. அவர் வாழ்ந்த ஊர்களில் நூறு பேரைத் தேடிப் பிடிக்க வேண்டியிருக்கும். மாம்பலத்தில் அஞ்சு நிமிஷம் உட்கார்ந்தால் நூறு பேர் தாண்டிப் போகிறார்கள். இங்கே நாய் கற்றுக்கொள்ள வேண்டியது நேர்மாறான பாடம் என்று எனக்குத் தோன்றுகிறது. எல்லாரிடமும் வாலாட்டிக்கொண்டு ஓடுகிற நாய்க்கு இந்தத் தெருவில் நாலு அடி நகர முடியாது. பார்க்கணும், சரி என்று விட்டுவிடணும்.

ஆகஸ்ட் 14, வியாழன்

குக்கர் விசிலுக்குப் பழகிவிட்டது. மிக்ஸிக்கு இன்னும் இல்லை. மாநகராட்சிக் குப்பை வண்டியின் பாட்டுக்குக் கூடவே ஊளையிடுகிறது. கீழ்வீட்டுக் குழந்தைகளுக்கு ஒரே குஷி.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

இரண்டாவது மாடி மாமி இன்று லிஃப்டில் ஏறவில்லை. கதவு திறந்ததும் பைக்குள் சுக்குவைப் பார்த்து இரண்டு அடி பின்னால் போனார். "நீ போம்மா, நான் படியில வரேன்." எழுபது தாண்டியவர், முட்டி வலி வேறு. நான் வெளியே வந்து அவரை ஏறச் சொன்னேன்.

சாயங்காலம் சுக்குவை வீட்டில் விட்டுவிட்டு அவர் வீட்டுக்குப் போனேன். காபி கொடுத்தார். "சின்ன வயசுல கும்மோணத்துல தெருநாய் கடிச்சுடுத்தும்மா. தொப்புளைச் சுத்திப் பதினாலு ஊசி. தினம் ஒண்ணு. அப்பா ரெண்டு கையையும் பிடிச்சுப்பார். கடிச்ச நாய் மூஞ்சி மறந்துபோச்சு, அந்த ஊசி மறக்கலை."

அந்தத் தலைமுறையில் யாரைக் கேட்டாலும் இந்தப் பதினாலு ஊசிதான். குன்னூரில் 1907-ல் தொடங்கிய பாஸ்டர் நிலையம் போன்ற இடங்களில் ஆட்டு மூளைத் திசுவிலிருந்து செய்த மருந்து அது. 2004 கடைசியில்தான் இந்தியாவில் அதன் உற்பத்தியை நிறுத்தினார்கள். இப்போது கையில் நாலைந்து ஊசியோடு முடிந்துவிடுகிறது. இதை மாமியிடம் சொன்னேன். "அப்படியா" என்றார். பயம் துளியும் குறைந்ததாகத் தெரியவில்லை. ஏன் குறைய வேண்டும்?

"எங்க நாய் ஒண்ணும் பண்ணாதுங்க" என்கிற வாக்கியத்தை இந்த வீட்டில் யாரும் சொல்லக்கூடாது என்று ராத்திரி சாப்பாட்டின்போது சொல்லிவிட்டேன். நாய் வளர்ப்பவர்களின் தேசிய கீதம் அது. பயந்து நிற்கிறவரிடம் அதைச் சொல்வது, உன் பயத்துக்கு மதிப்பில்லை என்று சொல்வதுதான்.

ஆகஸ்ட் 23, சனி

தில்லித் தெருநாய்களை மொத்தமாகப் பிடித்து அடைக்கச் சொன்ன உத்தரவை உச்ச நீதிமன்றம் நேற்று மாற்றியிருக்கிறது. கருத்தடையும் தடுப்பூசியும் போட்டு, பிடித்த இடத்திலேயே விடவேண்டும்; வெறிநோய் கண்டதையும் ஆள்மேல் பாய்கிறதையும் தவிர. டீக்கடையில் இதைப் பற்றிப் பெரிய சண்டை. என் பையைப் பார்த்ததும் இரண்டு கட்சியும் என்னையே கேட்டது. பாலை வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

ஆகஸ்ட் 27, புதன்

விநாயகர் சதுர்த்தி. முனையில் பந்தல், ஆள் உயர ஸ்பீக்கர். பால்கனிக் கதவைச் சாத்தி, பிறகு ஒரு விரற்கடை திறந்து, பிறகு பாதி திறந்து, தட்டில் சாப்பாடு வைத்தேன். சாப்பிட்டது. கொழுக்கட்டை கேட்டது, கொடுக்கவில்லை.

செப்டம்பர் 6, சனி

எங்கள் கட்டடத்துக்கு ஒரு நாளைக்கு எத்தனை டெலிவரி பையன்கள் வருகிறார்கள்! நாயின் கண்ணில் அவர்கள் முகமே இல்லாத மனிதர்கள். ஹெல்மெட், முதுகில் பெட்டி, மழைக் கோட்டு. சுக்கு குரைக்க ஆரம்பித்துவிட்டது. அவர்கள் வருகிறார்கள், அது குரைக்கிறது, அவர்கள் போய்விடுகிறார்கள். தான் குரைத்துத்தான் விரட்டினோம் என்று அதற்கு ஒவ்வொரு தடவையும் ஒரு வெற்றி.

பையன் தன் அப்பாவின் ஹெல்மெட்டை ஹாலில் கவிழ்த்து வைத்து உள்ளே ஈரல் போட்டான். சுக்கு கழுத்தை மட்டும் நீட்டி, பின்னங்கால் இரண்டையும் ஓடத் தயாராக வைத்துக்கொண்டு எடுத்தது. அடுத்து மடியில் ஹெல்மெட். அடுத்து தலையில், கண்ணாடியைத் தூக்கிவிட்டு. அடுத்து கண்ணாடியை இறக்கி. கடைசிக் கட்டத்துக்கு மட்டும் ஒரு வாரம் பிடித்தது. இவர் ஆபீஸிலிருந்து ஹெல்மெட்டோடு வீட்டுக்குள் வந்தால் இப்போது முன்னால் வந்து உட்கார்ந்துகொள்கிறது, வாய் ஊற.

செப்டம்பர் 13, சனி

வெறிநோய்த் தடுப்பூசி இன்று. ஊசி இல்லாத நாட்களிலும் கிளினிக்குக்குப் போய் எடை பார்த்துவிட்டு, மேஜைமேல் ஏற்றி இறக்கி, கம்பவுண்டர் கையால் ஈரல் வாங்கிக் கொடுத்துக் கூட்டி வந்தோம். அதற்குப் பலன் உண்டு. ஊசி குத்தியதே தெரியாமல் கம்பவுண்டரின் சட்டைப் பையை மோந்துகொண்டிருந்தது. பக்கத்தில் ஒரு லாப்ரடார், இரண்டு பேர் அமுக்கிப் பிடித்தும் நடுங்கியது. வருஷத்துக்கு ஒரு தரம், ஊசிக்கு மட்டும் வருகிற நாய் அது.

அக்டோபர் 5, ஞாயிறு

இப்போது காலால் நடக்கிறது. இனிமேல்தான் நம்ம ஊர் சங்கதி. வெளிநாட்டுப் புத்தகங்களில் ஒரு வரிகூட இல்லாத சங்கதி: தெருநாய்கள்.

எங்கள் தெருவின் பாதி வரைக்கும் மணியின் ராஜ்யம். காது நுனியில் வெட்டு, அதாவது கருத்தடை ஆன நாய். இஸ்திரி வண்டிக்கு அடியில் படுத்திருக்கும். டிரான்ஸ்பார்மருக்கு அந்தப் பக்கம் வேறு கூட்டம். எல்லை எது என்று அவற்றுக்குத் தெரியும், ஒரு வாரம் நின்று பார்த்தால் நமக்கும் தெரியும். மணிக்கு என்னைத் தெரியும், கட்டைப்பைக் காலத்திலிருந்தே சுக்குவின் வாடையும் தெரியும். முதல் நாள் இரண்டும் மோந்து பார்த்துக்கொள்ள மூன்று விநாடி விட்டு, கயிறு தளர்ந்தே இருக்கும்படி பார்த்துக்கொண்டு நகர்ந்தேன். கயிறு விறைத்தால் நாய்க்கு நம் பயம் கையிலிருந்து கழுத்துக்கு இறங்கிவிடும்.

டிரான்ஸ்பார்மர் தாண்டுவதில்லை. ராத்திரி பத்துக்குமேல் நடப்பதில்லை. கடை அடைத்த பிறகு தெரு அவற்றுடையது. காலையில் வெயில் ஏற ஏற அவை கடைவாசல்களில் சுருண்டுவிடும், அப்போது போகலாம், தார் சூடாவதற்குள் திரும்பிவிட வேண்டும். எதிரே கூட்டம் வந்தால் குட்டியைத் தூக்கித் தலைக்குமேல் பிடிக்கிறார்களே, அது வினை. எட்டாத பொருளுக்குத்தான் எல்லா நாயும் குதிக்கும். வண்டியோ கேட்டோ நடுவில் வருகிற மாதிரி வளைந்து போய்விடுவதுதான் எனக்குச் சரிப்படுகிறது.

அக்டோபர் 12, ஞாயிறு

அசோசியேஷன் கூட்டம். "நாய் லிஃப்டில் ஏறக்கூடாது" என்று ஒரு தீர்மானம் கொண்டு வந்தார்கள். விலங்குகள் நல வாரியத்தின் 2015 வழிகாட்டுதல் அதை ஒப்புக்கொள்வதில்லை. பெரும்பான்மை ஓட்டுப் போட்டாலும் செல்லப்பிராணிக்குத் தடை விதிக்க முடியாது, லிஃப்டையும் மறுக்க முடியாது. நம் கலாக்ஷேத்ரா ருக்மிணி தேவி முதல் தலைவராக இருந்து 1962-ல் தொடங்கிய வாரியம் அது. காகிதத்தைப் பிரிண்ட் எடுத்துக் கைப்பையில் வைத்திருந்தேன். வெளியே எடுக்கவில்லை. சட்டத்தைக் காட்டி லிஃப்டில் ஏறலாம், பிறகு தினமும் அதே லிஃப்டில் அதே முகங்களோடு இறங்க வேண்டும்.

நான் சொன்னது: கயிறு எப்போதும் உண்டு. உள்ளே யாராவது இருந்து வேண்டாம் என்றால் அடுத்த லிஃப்ட். ஏறினால் பின்மூலையில் உட்காரும், நான் குறுக்கே நிற்பேன். மாமிதான் முதலில் பேசினார். "உட்காருமா, நிஜமா?" கீழே போய்க் காட்டினோம். கதவுக்கும் தரைக்கும் இடையிலான இடுக்கைத் தாண்டி, நேரே மூலைக்குப் போய், திரும்பி உட்கார்ந்தது. மாமி ஏறவில்லை, வெளியிலிருந்தே பார்த்தார். தீர்மானம் ஒத்திவைப்பு.

அக்டோபர் 20, திங்கள். தீபாவளி

காலை 6 முதல் 7, இரவு 7 முதல் 8. 2018-லிருந்து வெடி வெடிக்க அனுமதித்த நேரம் இதுதான். மாம்பலத்துக்கு இது தெரியாது.

ஆகஸ்டிலிருந்தே சாப்பாட்டு வேளையில் செல்போனில் வெடிச் சத்தத்தை மெல்லிசாக வைத்து, வாரா வாரம் கொஞ்சம் ஏற்றிக்கொண்டு வந்தோம். சரவெடிக்கு அது கைகொடுத்தது. தலையைத் தூக்கிப் பார்த்துவிட்டுப் படுத்துக்கொண்டது. அணுகுண்டு வேறு விஷயம். அது காதுக்கு வருவதற்கு முன் தரை வழியாக வந்துவிடுகிறது, அந்த அதிர்வைச் செல்போன் தராது. எட்டு மணிக்கு மேல் சுக்கு எழுந்து நடக்க ஆரம்பித்தது, நாக்கைத் தொங்கப்போட்டுக்கொண்டு. ஜன்னல் இல்லாத உள் அறையில் ஃபேன், ஏசி எல்லாவற்றையும் போட்டு, சுக்குவின் பக்கத்தில் தரையிலேயே படுத்துக்கொண்டேன். பயப்படும்போது அணைத்தால் பயம் வளரும் என்பது பழைய பேச்சு. பயம் என்பது பரிசு கொடுத்து வளர்க்கிற பழக்கம் இல்லை. முதுகில் கை வைத்துக்கொண்டே இருந்தேன். பதினொன்றுக்குத் தூங்கியது.

நவம்பர் 9, ஞாயிறு

மாநகராட்சி உரிமம் எடுத்தாயிற்று. கட்டணம் 50 ரூபாய், இல்லாமல் பிடிபட்டால் 5,000 அபராதம். கழுத்துத் தோலுக்கடியில் அரிசி மணியளவு சிப், பதினைந்து இலக்க எண். சிப் போட்ட இடத்தில் ஏகப்பட்ட நாய்கள், ஒன்றையொன்று பார்த்துக் கத்திக்கொண்டு. சுக்கு என் செருப்பின்மேல் தாடையை வைத்துப் படுத்துவிட்டது. "இதென்ன மேடம், உடம்பு சரியில்லையா?" என்று கேட்டார் வரிசையில் பின்னால் நின்றவர். இதைவிடப் பெரிய பாராட்டு எனக்கு வேண்டியதில்லை.

நவம்பர் 16, ஞாயிறு

மாமியும் சுக்குவும் இப்போது ஒரே லிஃப்டில் வருகிறார்கள். மாமி கதவைப் பார்த்து நிற்பார், சுக்கு சுவரைப் பார்த்து உட்காரும். மாமிக்கு நாய் பிடித்துவிட்டது என்றெல்லாம் இல்லை. "தொடமாட்டேன், கேக்காதே" என்று முன்னாலேயே சொல்லிவிட்டார்.

பொங்கலுக்குத் திருச்சிக்குப் போக வேண்டும். ரயிலில் நாய்க்கு இரண்டே வழி: முதல் வகுப்பில் கூபே முழுதும் நம்முடையதாக இருக்க வேண்டும், இல்லையென்றால் கார்டு பெட்டியில் இருக்கிற கூண்டு. கூண்டுக்கு நான் ஒப்பமாட்டேன், கூபே கிடைப்பது நம் கையில் இல்லை. ஆகவே கார்தான். இன்று நிறுத்தி வைத்த காரில் பின்சீட்டில் ஏற்றிச் சாப்பாடு வைத்தோம், இன்ஜினைப் போடாமல். நாளைக்கு இன்ஜின். அசோக் நகர் வரை போய் வாந்தி எடுக்காமல் திரும்பினால் பிறகு தாம்பரம்.