படத்தில் நின்ற ஒன்பது பெண்கள்

நமது பங்கைச் சேர்ந்த மூதாட்டி ஒருவர், சென்ற ஆண்டு தவக்காலத்தில், மஞ்சள் பையில் சுற்றிய பழைய நிழற்படம் ஒன்றை எம்மிடம் தந்தார். கண்டிச்சீமையில் பிறந்து, 1964-ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தப்படி தாயகம் திரும்பியவர் அவர். "பின்னாடி எழுதியிருக்கிறத வாசிச்சுச் சொல்லுங்க சாமி" என்றார். பணி நெருக்கடியில் அதனை மேசை இழுப்பறையில் வைத்தோம், வைத்ததையே மறந்துவிட்டோம். ஏழு மாதங்கள்!

கல்லறைத் திருநாளுக்குப் பெயர் கொடுக்க அவர் வந்தபோதுதான் வெட்கத்தோடு தேடி எடுத்தோம். மலைச்சரிவில் தேயிலைச் செடிகள். முன்னே தொப்பியணிந்த துரை, காலடியில் நாய். பின்னே, தலையில் கயிறு மாட்டிக் கூடை சுமந்த ஒன்பது பெண்கள். பின்புறத்தில் ஆங்கிலத்தில் துரையின் பெயர் இருந்தது. நாயின் பெயரும் இருந்தது. பெண்களுக்கோ 'கொழுந்து பறிப்போர்' என்பதோடு சரி. இதை எப்படி வாசித்துக் காட்டுவது? வாசித்தோம். அவர் சிரித்தார்.

இக்கதை இந்த ஒரு படத்தோடு முடிவதன்று. கல்கத்தாவில் பிறந்த புகழ்பெற்ற நிழற்படக் கலைஞர் ஜூலியா மார்கரெட் கேமரன், இங்கிலாந்தில் டென்னிசனையும் டார்வினையும் பெயர் சொல்லிப் படமெடுத்தவர். 1875-இல் இலங்கையில் குடியேறிய பின் அவர் எடுத்த படங்களில் தமிழ்த் தொழிலாளரின் முகங்கள் உண்டு, பெயர்களைத் தேடவேண்டும். 1879-இல் இறந்த அவருடைய கல்லறை பொகவந்தலாவையில், பெயரோடு இருக்கிறது. அதைச் சுற்றிய மலைகளில், தேயிலைத் தூர்களுக்கடியில் புதைக்கப்பட்ட நம்மவர் எத்தனை பேர்! காப்பிக்கும் பின்னர் தேயிலைக்குமாகத் திருச்சி, புதுக்கோட்டைச் சிற்றூர்களிலிருந்து கங்காணிமார் பின்னே சென்றவர்கள் அவர்கள். 1964-இன் ஒப்பந்தமும் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று எண்களாகவே அவர்களைப் பங்கிட்டது.

மூதாட்டி கண்ணாடியைக் கேட்டு வாங்கி அணிந்துகொண்டார். விரலை ஒவ்வொரு முகமாக நகர்த்தி, "இது அம்மா. இது சின்னம்மா. இது எங்க லயத்துக் கடைசி வீடு" என்று ஆறு பெயர்களைச் சொன்னார். நாம் எழுதிக்கொண்டோம். இருவரை அறவே தெரியவில்லை. ஒருவரின் முகம் மட்டும் நினைவிருந்தது, பெயர் வரவில்லை. நெடுநேரம் பார்த்திருந்துவிட்டு, "பசிச்சா ரொட்டி தர்ற அக்கான்னு எழுதுங்க சாமி" என்றார்.

நவம்பர் 2 அன்று, திருப்பலியில் பட்டியலை வாசிக்கையில், அதையும் அவ்வாறே வாசித்தோம்.